நடுவர் விசாரணையில் ஊழியர்கள் தாமே இழக்கும் உரிமை

பணிநீக்கம், நிலுவைச் சம்பளம், ஊக்கத்தொகை போன்ற தகராறுகளை நீதிமன்றத்துக்குக் கொண்டுபோகாமல் நடுவர் முன்பு தீர்த்துக்கொள்ள வேண்டும் என்ற நிபந்தனை பல வேலை ஒப்பந்தங்களில் இருக்கிறது. நீதிமன்றம் இல்லை என்பதால் நியாயமான விசாரணையும் இல்லை என்று எண்ணிவிடக் கூடாது. இரு தரப்பையும் சமமாக நடத்த வேண்டும், ஒவ்வொரு தரப்புக்கும் தன் வழக்கை எடுத்துரைக்க முழு வாய்ப்பு அளிக்க வேண்டும் என்று ஐ.நா. சர்வதேச வணிகச் சட்ட ஆணையத்தின் 1985ஆம் ஆண்டு மாதிரிச் சட்டம் 18ஆம் பிரிவில் சொல்கிறது. அது வணிகத் தகராறுகளுக்காக எழுதப்பட்டதுதான். ஆனால் பல நாடுகளின் நடுவர் சட்டங்கள் அதை அடியொற்றியே இயற்றப்பட்டிருக்கின்றன. தொழிலாளர் தகராறுகளுக்குத் தனிச் சட்டம் உள்ள இடங்களில் விவரங்கள் மாறும் என்பதால், கீழே வரும் கால அளவுகளை உங்கள் நாட்டுச் சட்டத்தோடு ஒப்பிட்டுப் பார்த்துக்கொள்வது அவசியம்.

என் பார்வையில், இந்த உரிமையை நடுவர் பறிப்பதைவிட, உரியவரே வாய் திறக்காமல் விட்டுக்கொடுப்பதுதான் பெரிய ஆபத்து. விசாரணைக்கு முந்தைய நாள் இரவு பத்து மணிக்கு நிர்வாகத் தரப்பு நாற்பது பக்க வருகைப் பதிவை மின்னஞ்சலில் அனுப்புகிறது என்று வைத்துக்கொள்வோம். மறுநாள் காலை, "தொடரலாமா?" என்று நடுவர் கேட்கிறார். அவரைச் சங்கடப்படுத்த விரும்பாத ஊழியர், "பரவாயில்லை, ஐயா" என்கிறார். அன்றைய நடவடிக்கைக் குறிப்பில், "இரு தரப்புக்கும் ஆட்சேபணை இல்லை" என்ற ஒரு வரி ஏறிவிடுகிறது. பிறகு அந்தப் பதிவை வைத்தே வழக்கு தோற்றால், படித்துப் பார்க்க அவகாசம் கிடைக்கவில்லை என்ற வாதத்துக்கு அந்த ஒரு வரியே முட்டுக்கட்டை. விதிமீறலை அறிந்தும் தாமதமின்றி ஆட்சேபிக்காமல் விசாரணையைத் தொடர்பவர், ஆட்சேபிக்கும் உரிமையை விட்டுக்கொடுத்தவராகவே கருதப்படுவார் என்பது மாதிரிச் சட்டத்தின் 4ஆம் பிரிவு. "இந்த ஆவணங்கள் நேற்றிரவுதான் கிடைத்தன, பதில் தர ஏழு நாள் அவகாசம் வேண்டும், மறுக்கப்பட்டால் என் ஆட்சேபணையைக் குறிப்பில் பதிவு செய்யுங்கள்" என்று மரியாதையாகச் சொன்னாலே போதும். அன்று மாலையே அதை எழுத்திலும் அனுப்பி, நகலை எதிர்த் தரப்புக்கும் கொடுத்துவிட வேண்டும்.

நகல் கொடுக்காமல் நடுவருக்குத் தனியாகக் கடிதம் எழுதுவது வேறொரு தவறு. மனக்குறையைக் கொட்டத்தான் எழுதியிருப்பார்கள். ஆனால் ஒரு தரப்பு நடுவரிடம் தருவது எதுவானாலும் மறு தரப்பும் அதைப் பார்க்க வேண்டும். எதிர்த் தரப்பு அப்படிச் செய்தால் நாம் கொதிப்போம் அல்லவா?

நடுவர் மீதான சந்தேகத்தைத் தீர்ப்பு வரும்வரை மனத்துக்குள் பூட்டி வைப்பவர்களும் உண்டு. நிறுவனத்துக்கு அவர் முன்பு ஆலோசகராக இருந்தாரா, அதே நிறுவனம் அவரைத் திரும்பத் திரும்ப நியமிக்கிறதா என்பதை விசாரணை தொடங்கும்போதே எழுத்தில் கேளுங்கள். தம் நடுநிலையைப் பற்றி நியாயமான ஐயம் எழுப்பக்கூடிய எதையும் வெளிப்படுத்துவது நடுவரின் கடமை. வேறு நடைமுறைக்கு இரு தரப்பும் இசைந்திராவிட்டால், விவரம் தெரிந்த 15 நாட்களுக்குள் எதிர்ப்பை எழுத்தில் தர வேண்டும் என்கிறது 13ஆம் பிரிவு. தோற்ற பிறகு அந்தப் பழைய உறவைக் கிளறினால், சாதகமான தீர்ப்பு வருமா என்று காத்திருந்தவராகவே நீங்கள் பார்க்கப்படுவீர்கள்.

கோபத்தில் விசாரணையைப் புறக்கணிப்பதைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. தகுந்த காரணமின்றி வராதவர் இல்லாமலேயே, கையில் இருக்கும் சான்றுகளை வைத்து நடுவர் தீர்ப்பு எழுதலாம். வீடு மாறியதைத் தெரிவிக்காமல் விட்டவரும் ஏறக்குறைய அதே நிலையில்தான் மாட்டிக்கொள்வார். கடைசியாகத் தெரிந்த முகவரிக்குப் பதிவு அஞ்சலில் அனுப்பினாலே, சில சூழல்களில் அறிவிப்பு சேர்ந்ததாகக் கொள்ளப்படும்.

வாய்மொழி விசாரணை தானாக நடக்கும் என்று நம்பியிருப்பதும் சரியல்ல. கேட்காவிட்டால் ஆவணங்களை மட்டும் வைத்தே முடிவு செய்ய நடுவருக்கு இடமுண்டு. மேலாளர் திட்டினாரா, ராஜினாமாக் கடிதத்தில் கையெழுத்துப் போட வற்புறுத்தினாரா என்பன போன்ற கேள்விகளில் உண்மை வெளிவர அவரைக் குறுக்கு விசாரணை செய்தாக வேண்டும். ஆகவே வாய்மொழி விசாரணை வேண்டும் என்ற கோரிக்கையையும் அவரைச் சாட்சியாக அழைக்கும் கோரிக்கையையும் முதலிலேயே வையுங்கள்.

தீர்ப்பு வந்தபின், அது தவறானது என்று பக்கம் பக்கமாக வாதிடுவது வீண் உழைப்பு. தீர்ப்பை நீக்கக் கோரி நீதிமன்றத்தில் போடும் மனு மேல்முறையீடு அல்ல. சான்றுகளை நீதிமன்றம் பொதுவாக மறுபடி எடைபோடாது. எந்த நாளில், எந்த ஆவணத்துக்கு அல்லது சாட்சிக்கு வாய்ப்பு மறுக்கப்பட்டது, அப்போது எப்படி ஆட்சேபித்தீர்கள், அந்த மறுப்பு முடிவை எப்படி மாற்றியிருக்கக்கூடும் என்பவற்றையே மனுவில் காட்ட வேண்டும். மாதிரிச் சட்டப்படி, தீர்ப்பைப் பெற்ற நாளிலிருந்து மூன்று மாதம்தான் கெடு. தீர்ப்பு வந்த உறையைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். அது கைக்கு வந்த நாளைப் பற்றிச் சர்ச்சை எழுந்தால், அதிலிருக்கும் அஞ்சல் முத்திரை உதவும்.