சீன மருத்துவ வரலாற்றைப் படிக்கும்போது சறுக்கும் இடங்கள்

பெரும்பாலோர் சீன எழுத்தாளர் லூ சுன் மருத்துவப் படிப்பைக் கைவிட்ட கதையில்தான் தொடங்குகிறார்கள். ஜப்பானின் செண்டாய் நகரில் வகுப்பறையில் காட்டப்பட்ட ஒரு படம்: உளவாளி என்று பிடிபட்ட சீனர் ஒருவரின் தலையை வெட்டப்போகிறார்கள், சுற்றி நிற்கும் சீனர்கள் வேடிக்கை பார்க்கிறார்கள். உடலைவிட மனத்துக்கே மருந்து வேண்டும் என்று 1906இல் அவர் படிப்பை விட்டார். நெஞ்சைத் தொடும் கதைதான். ஆனால் அவர் அதை எழுதியது 1922இல், ஒரு முன்னுரையில். பின்னாளில் செண்டாயில் கிடைத்த படச்சில்லுகளில் அந்தக் காட்சி இல்லை. பதினாறு ஆண்டுகள் கழித்து எழுதிய நினைவை அன்றைய நாட்குறிப்பாக எடுத்துக்கொள்ளக் கூடாது.

இதைவிடப் பெரிய தவறு, கம்யூனிஸ்டுகள் ஆட்சிக்கு வந்த 1949இல் கோடு கிழித்துவிட்டுப் படிப்பது. குறுகிய காலப் பயிற்சியோடு கிராமங்களில் மருத்துவம் பார்த்த 'வெறுங்கால் மருத்துவர்'களையே பாருங்கள். 1965 ஜூன் 26இல், சுகாதார அமைச்சகம் நகரத்தாருக்கே உழைக்கிறது என்று மாவோ கடிந்துகொண்டார்; 1968இல் ஷாங்காயை அடுத்த கிராமங்களைப் பற்றி வந்த கட்டுரையால் அந்தப் பெயர் நாடெங்கும் பரவியது. உடனே எல்லாம் மாவோவின் யோசனை என்று எழுதிவிடுகிறார்கள். 1930களில் ஹெபெய் மாகாணத்தின் திங் வட்டத்தில் நடந்ததையும் படியுங்கள். சென் சிச்சியன் என்ற மருத்துவர், எழுதப் படிக்கத் தெரிந்த விவசாயிகளுக்குச் சில நாள் பயிற்சி கொடுத்து, ஆளுக்கொரு மருந்துப் பெட்டியுடன் ஊருக்கு அனுப்பினார். பிறப்பு இறப்பைக் குறித்துவைப்பது, அம்மை குத்துவது, காயத்துக்கு மருந்திடுவது, கிணற்று நீரைச் சுத்தமாக வைத்திருக்கச் செய்வது இவையே அவர்கள் வேலை. தங்களால் முடியாத நோயாளியை மேல்நிலை மையத்துக்கு அனுப்புவார்கள். 1937இல் ஜப்பானியப் படை வந்ததும் எல்லாம் நின்றது. சென் படித்தது அமெரிக்காவின் ராக்ஃபெல்லர் அறக்கட்டளைப் பணத்தில் நடந்த கல்லூரி. அந்த முன்னோடியை 1949க்குப் பின் வந்த புதிய அரசு சொல்லிக்கொள்ள விரும்பவில்லை. நாமும் ஏன் மறைக்க வேண்டும்?

வெறுங்கால் மருத்துவரின் பையில் மூலிகையும் அக்குபங்சர் ஊசியும் மட்டுமே இருந்ததாகவும் எண்ணாதீர்கள். ஆன்டிபயாடிக் மாத்திரைகளும் சிரிஞ்சும் அதே பையில்தான் இருந்தன.

'ஆயிரமாயிரம் ஆண்டுகளாக மாறாத சீன மருத்துவம்' என்ற வரியைக் கண்டால் எனக்குப் பொறுக்காது. 1929 பிப்ரவரியில், அன்று சீனாவை ஆண்ட நான்கிங் தேசியவாத அரசின் சுகாதாரக் குழு பழைய மருத்துவத்தை ஒழிக்கத் தீர்மானித்தது. மார்ச் 17இல் ஷாங்காயில் வைத்தியர்கள் திரண்டு எதிர்த்தார்கள். சிதறிக் கிடந்தவர்கள் ஓரணியானது அந்தப் போராட்டத்தில்தான். அரசின் சீன மருத்துவக் கல்லூரிகள் பெய்ஜிங், ஷாங்காய், குவாங்சோ, செங்டு நகரங்களில் திறக்கப்பட்டது 1956இல்.

மலேரியா மருந்துக்கு 2015இல் நோபல் பரிசு பெற்ற தூ யூயூவின் கதையையும் இப்படித்தான் கெடுக்கிறார்கள். மலேரியாவுக்கு மருந்து தேடி 1967இல் தொடங்கிய ராணுவத் திட்டத்தில் விளைந்தது அது. நான்காம் நூற்றாண்டின் மருத்துவ நூலாசிரியர் கெ ஹோங், ஒரு பிடி சிங்ஹாவோ மூலிகையை நீரில் ஊறவைத்துப் பிழிந்து குடிக்கச் சொல்லியிருந்தார், கொதிக்கவைக்கச் சொல்லவில்லை. சூடுதான் மருந்தைக் கெடுக்கிறதோ என்று ஐயுற்ற தூ, குறைந்த வெப்பத்தில் கொதிக்கும் ஈத்தரில் சாறெடுத்தார். இதைப் பழைய நூலின் வெற்றி என்பதும் ஆய்வகத்தின் வெற்றி என்பதும் பாதிக் கதைதான்.

1958இல் ஜியாங்சியின் யூஜியாங் வட்டத்தில் நத்தை வழியே பரவும் குருதிப்புழு நோய் ஒழிந்ததாகச் செய்தி வந்ததும், மாவோ அதைக் கவிதையாக்கினார். கவிதையை மேற்கோள் காட்டுவதோடு நிறுத்திவிடாதீர்கள். பழைய வாய்க்கால்களைத் தூர்த்து, நத்தைகளை மண்ணுக்குள் புதைத்து, புதிய வாய்க்கால் வெட்டியவர்கள் கிராமத்து மக்கள். அதே மாகாணத்தின் பொயாங் ஏரிக்கரையில் அந்த நோய் அதற்குப் பின்னும் பல பத்தாண்டுகள் இருந்தது.