குடியழைப்புக்கு முன்னாலேயே போய்ச் சேருங்கள்: கொடையைப் படமெடுப்பவர்கள் தவிர்க்க வேண்டியவை

திருநெல்வேலிப் பக்கம் ஊர்ச் சாமிக்கு எடுக்கும் கொடை விழாவை ஆவணப்படம் எடுக்க வருகிறவர்கள் பெரும்பாலும், சாமியைக் கோயிலுக்கு அழைக்கும் குடியழைப்பெல்லாம் முடிந்தபின், நள்ளிரவுப் பூசையான சாமக்கொடை ராத்திரியில்தான் வந்து இறங்குகிறார்கள். சாமியாட்டம், தீப்பந்தம், காவல் தெய்வமான சுடலைமாடன் மயானத்துக்கு வேட்டைக்குப் போவது எல்லாம் கிடைத்துவிடும். ஆனால் ஊர்க்காரர்களின் வாழ்க்கை அந்தப் படத்தில் இருக்காது.

கொடை ஆரம்பிப்பது வரிக் கூட்டத்தில். தலைக்கட்டுக்கு, அதாவது குடும்பத்துக்கு, இவ்வளவு வரி என்று பேசி முடிக்கிற சாயங்காலத்தில்தான் யார் யார் இந்தக் கோயிலுக்கு உரியவர்கள் என்பது தெரியவரும். மும்பை தாராவியில் கடை வைத்திருப்பவர் ஜிபேயில் வரியை அனுப்பிவிட்டு, நோட்டில் பேர் ஏறிவிட்டதா என்று போன் போட்டுக் கேட்பார். பையனுக்குக் கல்யாணம் ஆனால் அவன் தனித் தலைக்கட்டு. கணவனை இழந்த பெண்ணின் பேரை எப்படி எழுதுகிறார்கள் என்றும் பாருங்கள். மதம், அடையாளம் என்று நாம் தேடி அலைவது அந்த வரி நோட்டிலேயே இருக்கிறது.

அடுத்தது ஒலி. வில்லுப்பாட்டில், வில்லில் வீசுகோல் விழும் ஓசை, குடம், உடுக்கை எல்லாம் சாமியை வரவழைக்கும் வரத்துப் பாடும்போது சேர்ந்து ஏறும். அதைக் கேட்டுத்தான் சாமி வருகிறது. அந்த இடத்தில் பாட்டை வெட்டிப் பின்னணி இசை போட்டால், சாமி ஏன் வந்தது என்றே பார்ப்பவருக்குப் புரியாது. கொடையில் ஆடுகிற கணியான் கூத்திலும் பெண் வேடம் கட்டியவர்களின் ஆட்டத்தை மட்டும் எடுத்துவிட்டு முதன்மைப் பாடகரான அண்ணாவி பாடுகிற கதையை விட்டுவிடுகிறார்கள். ஓரமாகத் தீ மூட்டி மகுடம் என்கிற தோல் கருவியைக் காய்ச்சி, தட்டிப் பார்த்து, மறுபடி காய்ச்சுகிறவரையும் எடுங்கள்.

சாமி வந்தவர் முகத்துக்கு நேரே கேமராவையும் விளக்கையும் நீட்டாதீர்கள். அந்த நேரத்தில் அவரிடம் சம்மதம் கேட்க முடியாது. ஒரு கொடையில் சாமியாடிய அக்காவை மறுநாள் பார்க்கப் போனேன். தொண்டை கட்டிப்போய்த் திண்ணையில் உட்கார்ந்திருந்தார். டவுனில் ஜவுளிக் கடையில் வேலை. எடுத்ததைக் காட்டியதும், "கடையில எல்லாரும் பாத்தா என்ன நெனப்பாவ தம்பி?" என்றார். முகம் தெரிகிற இரண்டு நிமிடத்தையும் வெட்டிவிட்டேன். சலங்கை கட்டிய கால்கள் மட்டும் படத்தில் இருக்கின்றன.

சரி, பெயர் சூட்டுவதில் வரும் தவறு. உவரி அந்தோணியார் கோயிலுக்கு இந்துக் குடும்பங்களும் நேர்ச்சைக்கு வரும். உடனே 'மத நல்லிணக்கம்' என்று பின்னணிக் குரல் கொடுத்துவிடுகிறோம். அவர்கள் வந்தது பிள்ளைக்குச் சுகமில்லாமல் போனபோது நேர்ந்துகொண்டதற்காக. அந்தக் கதையைக் கேளுங்கள். முதலூர் 1799-இல் உருவான கிறிஸ்தவ ஊர். அப்படிப்பட்ட ஊரில் போய் "எப்ப மதம் மாறினீங்க?" என்று கேட்டால் அவர்களுக்கு எப்படி இருக்கும்?

கடைசியாக, வெளியிடும் முன் ஊரில் போட்டுக் காட்டாமல் விடாதீர்கள். விறுவிறுப்புக்காக நான் மயான வேட்டையைப் படத்தின் முதல் காட்சியாக வைத்திருந்தேன். கோயில் சுவரில் படம் ஓடத் தொடங்கிய சற்று நேரத்தில் ஒரு பெரியவர் எழுந்தார். "குடியழைக்காம சாமி எப்படிடே வேட்டைக்குப் போவும்?"

மறுநாளே வேட்டையை அதன் இடத்துக்கு மாற்றினேன். இப்போது படம் குடியழைப்பில் தொடங்குகிறது.