பறவைக் கோலாவைக் கடலில் தேடிக் காணும் முறை

பறக்கும் மீனைக் காண விரும்புவோர் பெரும்பாலும் முதலில் உலக வரைபடத்தை விரிக்கின்றனர். பறவைக் கோலா என்றும் வழங்கும் இம்மீன் குடும்பத்தில் 60க்கும் மேற்பட்ட இனங்கள் உள்ளன. அட்லாண்டிக், பசிபிக், இந்தியப் பெருங்கடல்கள் மூன்றின் வெப்பப் பகுதிகளிலும் அவை பரவியிருப்பதால், வரைபடம் ஓரளவே வழிகாட்டும். நீரின் வெப்பம், நிறம், அதன்மேல் மிதந்து செல்லும் பொருள்கள் ஆகியவற்றைப் படிக்கக் கற்றவருக்கே இம்மீன் அகப்படும் என்பது என் உறுதியான கருத்து.

முதலில் வெப்பத்தைப் பாருங்கள். மேற்பரப்பு நீர் 20 பாகை செல்சியசுக்குக் கீழே இருந்தால் தேடல் பெரும்பாலும் வீணாகும். நீரைவிட்டு எழும்போது இம்மீன் நொடிக்கு 50 முதல் 70 முறை வரை வாலை அடிக்கிறது. குளிர்ந்த நீரில் தசைகளால் அந்த வேகத்தில் இயங்க முடிவதில்லை. மிதவெப்பக் கடல்களில் கோடைக்காலத்தில் மட்டும் இவை தென்படுவதற்கும் இதுவே முதன்மையான காரணம். கலிபோர்னியாவின் கேட்டலினா தீவருகே கோடை மாதங்களிலும், கரீபியன் பகுதியின் பார்படோஸைச் சுற்றி டிசம்பர் முதல் ஜூன் வரையிலும், தைவானின் லான்யூ தீவில் வசந்த காலம் தொடங்கி முன்கோடை வரையிலும் இவை மிகுதியாக வருகின்றன. சோழமண்டலக் கடலுக்கும் தனக்கென ஒரு கோலாப் பருவம் உண்டு.

அடுத்தது நிறம். ஆற்று முகத்துவாரங்களின் கலங்கிய நீரை விட்டு விலகி, தெளிந்த கருநீலம் தொடங்கும் இடம்வரை செல்லுங்கள். ஆழ்கடல் கரைக்கு அருகிலேயே தொடங்கும் தீவுகளில் இதற்கு நெடுந்தூரம் பயணிக்க வேண்டியதில்லை. எல்லா இனங்களும் நடுக்கடலையே நாடுவதில்லை. சில இனங்கள் கரையோர நீரிலும் திரிகின்றன. மார்புத் துடுப்புகள் மட்டும் பெரிதாக விரிந்திருந்தால் அது இரு சிறகு வகை. வயிற்றுத் துடுப்புகளும் சேர்ந்து விரிந்திருந்தால் நான்கு சிறகு வகை. இரு சிறகு வகையில் அடங்கும் எக்சோசீட்டஸ் பேரினத்தைப் பெரும்பாலும் கரையிலிருந்து வெகு தொலைவில்தான் காணலாம்.

மூன்றாவதாகச் சொல்லும் மிதவைகளையே நான் மிக முக்கியமானவையாகக் கருதுகிறேன். பெரும்பாலான இனங்களின் முட்டைகளில் ஒட்டும் இழைகள் உள்ளன. அவற்றை ஒட்டவைக்க நடுக்கடலில் பாறையோ தரையோ இல்லாததால், சர்காசம் போன்ற மிதக்கும் கடற்பாசியையும், அடித்துவரப்பட்ட ஓலைகளையும், மரக்கிளைகளையும் தாய்மீன்கள் தேடி வருகின்றன. இலைதழைக் கட்டுகளைக் கடலில் மிதக்கவிட்டு, முட்டையிட வரும் கோலாவைப் பிடிக்கும் மீனவர்களின் உத்தி இந்த இயல்பை நன்கறிந்து உருவானது. ஆகவே இரண்டு நீரோட்டங்கள் சந்தித்துப் பாசியும் நுரையும் நீண்ட கோடாகத் திரண்டிருக்கும் இடத்தைக் கண்டால், அதை ஒட்டியே படகை மெதுவாகச் செலுத்துங்கள். பாசிக்கட்டில் முட்டைக் கொத்து தெரிந்தால் அதை நீரிலிருந்து தூக்காமல் விட்டுவிடுவதே முறை. எக்சோசீட்டஸின் முட்டைகளில் இந்த இழைகள் இல்லை. அவை தனித்தே மிதக்கின்றன என்பதால் அப்பேரினத்தைத் தேடுவோருக்கு இக்குறிப்பு பயன்படாது.

பறவைகளும் துணைசெய்யும். கடற்கொள்ளைப் பறவைகள் தாழ்ந்து வட்டமிடும் இடத்திலும், பூபி பறவைகள் கப்பலோடு தொடர்ந்து பறக்கும் வேளையிலும் கவனத்தைக் கூட்டுங்கள். நீருக்கடியில் சூரை மீனோ டொராடோ எனப்படும் பெருமீனோ துரத்த, கோலாக்கள் மேலெழ, பறவைகள் காத்திருந்து கவ்வுகின்றன.

பகலில் படகின் முன்முனையில், சூரியன் முதுகுப்புறம் இருக்குமாறு நின்று, சற்று முன்னேயுள்ள நீரை நோக்குங்கள். படகு நெருங்க நெருங்க, அஞ்சிய மீன்கள் பக்கவாட்டில் சிதறி எழும். குஞ்சுகள் தத்துப்பூச்சிகளைப் போலச் சில அடி தாவி விழும். வளர்ந்தவை ஒரே வீச்சில் ஏறத்தாழ 50 மீட்டர் மிதந்து செல்லும். வேகம் குறையும்போது வாலின் நீண்ட கீழ்மடலை மட்டும் நீரில் தோய்த்து அடித்து மீண்டும் எழுவதால், அமைதியான கடலில் அதன் வளைந்து நெளிந்த தடத்தைச் சில நொடிகள் காணலாம். 2008ஆம் ஆண்டு ஜப்பானின் யாகுஷிமா தீவருகே ஒரு மீன் 45 நொடிகள் பறந்தது படமாக்கப்பட்டது. அவ்வளவு நீண்ட பறத்தலை எதிர்பார்க்காமல், கேமராவை முன்கூட்டியே தயாராக வைத்திருங்கள்.

இரவில் இவை விளக்கொளியை நாடி வரும். விளக்கைப் பயணிகள் அமர்ந்திருக்கும் பக்கம் திருப்பாமல் நீரை நோக்கியே வையுங்கள். விரைந்து வரும் மீன் முகத்தில் மோதினால் காயம் ஏற்படலாம். தளத்தில் விழுந்த மீனைக் கையை நனைத்துக்கொண்டு எடுத்து, சிறகுகளை மடக்கி ஒடிக்காமல், உடனே கடலில் விட்டுவிடுங்கள்.