தாழிக்குள் தாத்தாவை உயிரோடு வைத்தார்களா? பழைய ஈமக்காடுகளில் நாம் செய்யும் தவறுகள்

கிணறு வெட்டும்போதோ வீட்டுக்குக் கடைக்கால் தோண்டும்போதோ மண்ணுக்குள் ஒரு பெரிய பானையின் வாய் தெரிகிறது. ஊர் கூடிவிடுகிறது. ஒருவர் கதை சொல்ல ஆரம்பிப்பார், இன்னொருவர் புதையல் இருக்கிறதா என்று உள்ளே கையை விடுவார். சாயங்காலத்துக்குள் பானை உடைந்துவிடும், உள்ளே இருந்த மண் வரப்போரம் கொட்டப்பட்டிருக்கும். தமிழ்நாட்டில் இப்படி அழிந்த முதுமக்கள் தாழிகளுக்கு, அதாவது பழங்கால ஈமப் பானைகளுக்கு, கணக்கே கிடையாது.

முதலில் அந்தக் கதையைப் பார்ப்போம். அந்தக் காலத்தில் ஆட்களுக்குச் சாவே வராதாம். வயது ஏற ஏற உடம்பு சுருங்கிக் கைக்குழந்தை அளவுக்கு ஆகிவிடுவார்களாம். விளக்கு மாடத்தில் தூக்கி வைத்துப் பார்த்துக்கொள்வார்களாம். பிறகு முடியாமல் போய், சோறும் தண்ணீரும் வைத்து, உயிரோடு தாழிக்குள் உட்கார வைத்து மூடிவிடுவார்களாம். பல ஊர்களில் பெரியவர்கள் இதை நம்பித்தான் சொல்கிறார்கள். ‘முதுமக்கள்’ என்ற சொல்லும் அதற்கு இடம் கொடுக்கிறது. ஆனால் இங்கே முதுமக்கள் என்றால் முன்னோர்.

தாழி இறந்தவருக்குத்தான் என்பதற்கு நம் இலக்கியத்திலேயே சான்று இருக்கிறது. சோழன் கிள்ளிவளவன் இறந்தபோது, ஐயூர் முடவனார் தாழி வனையும் குயவரைப் பார்த்துப் பாடியது புறநானூற்றின் 228ஆம் பாட்டு. இவன் புகழுக்கு ஏற்ற தாழி செய்ய வேண்டுமானால் நிலமே சக்கரமாகவும் பெரிய மலையே மண்ணாகவும் வேண்டும், உன்னால் ஆகுமா என்று கேட்கிறார். 256ஆம் பாட்டில் கணவனை இழந்த ஒரு பெண், எனக்கும் இடம் இருக்கும்படி தாழியை அகலமாகச் செய் என்று குயவரிடம் கேட்கிறாள். அந்தப் பாட்டைப் படித்தபின் தாழியைப் பார்க்கும் பார்வையே எனக்கு மாறிவிட்டது.

அப்படியானால் அவ்வளவு சிறிய வாய்க்குள் ஓர் ஆள் எப்படிப் போனார்? பல தாழிகளில் முழு உடலே வைக்கப்படவில்லை. உடலை முதலில் வேறிடத்தில் வைத்தோ புதைத்தோ, சதை போனபின் மண்டையோட்டையும் கை கால் எலும்புகளையும் பொறுக்கித் தாழியில் இட்டிருக்கிறார்கள். சிலவற்றில் உடலை மடக்கி வைத்திருக்கிறார்கள். கூடவே இருக்கும் சின்னச் சின்னக் கலயங்கள் இறந்தவருக்கான படையல். உயிரோடு இருந்தவருக்கு வைத்த சாப்பாடு என்று கதை சொல்வது அவற்றைப் பார்த்துத்தான்.

எலும்பு இல்லாத தாழியை ‘வெறும் பானை’ என்று தள்ளுவதும் தவறு. மண்ணின் அமிலத் தன்மை எலும்பைக் கரைத்துவிடும். ஆள் மறைந்து, பக்கத்தில் வைத்த மணியும் இரும்புக் கத்தியும் மட்டும் மிஞ்சுவது சாதாரணம்.

இன்னொரு தவறு, பழந்தமிழர் எல்லோரும் ஒரே முறையில் புதைத்தார்கள் என்று நினைப்பது. சுடுவோர், வெறுமனே இட்டுவிட்டு வருவோர், குழி தோண்டிப் புதைப்போர், தாழ்ந்த இடத்தில் வைத்து அடைப்போர், தாழியில் கவிப்போர் என்று மணிமேகலை ஐந்து வகை சொல்கிறது. கீழடிக்கு அருகே கொந்தகையில் தாழிகளும் கிடைத்தன, நீட்டிப் படுக்க வைத்த எலும்புக்கூடுகளும் கிடைத்தன. வேறு இடங்களில் கற்பலகைகளால் தரைக்கு மேலே கட்டிய கற்திட்டை, மண்ணுக்குள் பெட்டி போல அமைத்த கற்பதுக்கை, பல்லாவரம் பக்கம் கிடைத்தது போலக் கால்கள் வைத்த சுடுமண் ஈமப்பேழை என்று பல வகைகள் உண்டு. நடுகல்லை இவற்றோடு சேர்த்துவிடக் கூடாது. அது வீரனின் நினைவுக்கு எழுப்பியது, அடியில் உடல் இருந்தே ஆக வேண்டும் என்பதில்லை.

காலத்திலும் இதே குழப்பம் வருகிறது. தூத்துக்குடி மாவட்டம் சிவகளையில் ஒரு தாழியில் இருந்த நெல்லின் காலம் கி.மு. 1155 என்று 2021இல் அறிவிக்கப்பட்டது. உடனே எந்த ஊரில் தாழி கிடைத்தாலும் ‘3200 ஆண்டு பழமை’ என்று செய்தி போடத் தொடங்கிவிட்டார்கள். ஆய்வகம் தேதி சொன்னது அந்த நெல்லுக்கு. தாழியில் இடும் வழக்கம் பல நூற்றாண்டுகள் நீடித்தது, சங்கப் புலவர்களும் அதைக் கண்ணால் பார்த்தவர்கள் போலவே பாடுகிறார்கள். ஒவ்வொரு தாழிக்கும் தனியாகத்தான் காலம் காண வேண்டும்.

பாண்டவர் குழி, குள்ளர் வீடு போன்ற ஊர்ப்பெயர்களை மூடநம்பிக்கை என்று ஒதுக்காதீர்கள். கற்திட்டையின் பலகையில் இருக்கும் வட்டமான ஓட்டையைப் பார்த்து, இதற்குள் போய்வந்தவர்கள் குள்ளர்களாகத்தான் இருக்க வேண்டும் என்று ஊரார் நினைத்திருக்கிறார்கள். கதை தவறு என்றாலும், பெயர் இடத்தைச் சரியாகக் காட்டிக்கொடுக்கிறது.

இப்போது கையால் செய்யும் தவறுகளுக்கு வருவோம். என்னை மிகவும் வருத்துவது, தாழியைக் காலி செய்து கழுவி வைப்பது. பானையைக் காப்பாற்றிவிட்டோம் என்ற திருப்தியோடு செய்கிறார்கள். ஆனால் விஷயம் உள்ளே இருக்கும் மண்ணில்தான் இருக்கிறது. பழநிக்கு அருகே பொருந்தலில் ஒரு கல்லறைக்குள், நான்கு கால் ஜாடியில் நெல் கிடைத்தது. அதன் காலம் கி.மு. 490 வரை போனது. அந்த ஜாடியைக் கொட்டிக் கழுவியிருந்தால் இன்று அது அழகான ஒரு ஜாடி, அவ்வளவுதான். பல்லையும் எலும்பையும் வெறும் கையால் எடுப்பதும் இதே வகைச் சேதம். நம் மரபணு அதில் ஒட்டிக்கொள்ளும், அப்புறம் பழையதைப் பிரித்தெடுக்கப் படாதபாடு பட வேண்டும்.

எது எந்த ஆழத்தில், எதற்குப் பக்கத்தில் இருந்தது என்ற குறிப்பு போய்விட்டால் பொருள் ஊமையாகிவிடும். தூத்துக்குடி மாவட்டத்தின் ஆதிச்சநல்லூரில் 1876இல் ஜெர்மானியரான ஜாகோர் தோண்டியெடுத்த பொருட்கள் பெர்லினுக்குப் போயின. 1899 முதல் 1905 வரை தொல்லியல் அறிஞர் அலெக்சாண்டர் ரீ தோண்டினார், பொன் நெற்றிப்பட்டங்களும் வெண்கலப் பொருட்களும் கிடைத்தன. 2004இல் மறுபடி தோண்டியபோது, ஒவ்வொரு தாழியும் இருந்த நிலையைப் பதிவு செய்வதே பெரிய வேலையாக இருந்தது. இன்று அங்கே கண்ணாடித் தளத்தின் மேல் நின்று, குழிக்குள் இருக்கும்படியே தாழிகளைப் பார்க்கலாம்.

தாழியைக் கண்டால் கவனிப்பவர்கள்கூட, கல்லறையைச் சுற்றி மேலே வைத்த கல்வட்டத்தை விட்டுவிடுகிறார்கள். பரம்பு நிலத்தில் வட்டமாகக் கிடக்கும் கற்களை ஜேசிபி வைத்து ஒதுக்கிவிட்டு, அடியில் இருப்பது பத்திரமாக இருக்கிறது என்கிறார்கள். கல் போனால் கல்லறை இருந்த இடமே யாருக்கும் தெரியாது.

சரி, உங்கள் நிலத்தில் தாழி தெரிந்தால் என்ன செய்வது? தோண்டுவதை நிறுத்துங்கள். வாய் தெரிகிற நிலையிலேயே, பக்கத்தில் ஓர் அளவுகோலையோ பேனாவையோ வைத்துப் படம் எடுங்கள். சுற்றுப்புறமும் தெரிகிற மாதிரி இன்னும் இரண்டு படம் எடுங்கள். வெயிலும் மழையும் படாமல் மூடி வைத்துவிட்டு, கிராம நிர்வாக அலுவலரிடமோ வட்டாட்சியரிடமோ சொல்லுங்கள். 1878ஆம் ஆண்டின் புதையல் சட்டப்படி, மண்ணுக்குள் கிடைத்த பொருளின் மதிப்பு பத்து ரூபாயைத் தாண்டினாலே மாவட்ட ஆட்சியருக்குத் தெரிவிக்க வேண்டும். மாநிலத் தொல்லியல் துறைக்கோ அருகில் உள்ள அரசு அருங்காட்சியகத்துக்கோ நீங்களே தகவல் கொடுக்கலாம். அவர்கள் வரும்வரை தாழியின் மூடியைத் திறக்க வேண்டாம், அது உடைந்து உள்ளே விழுந்திருந்தாலும் துண்டுகளை எடுக்க வேண்டாம்.