கராத்தே வீராங்கனையின் பதக்கப் பட்டியலை வாசிக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்: துருக்கியின் செராப் ஓஸ்செலிக்கை முன்வைத்து

செராப் ஓஸ்செலிக் 2014இல் ஜெர்மனியின் பிரேமன் நகரில் உலக சாம்பியன் ஆனார். 2018இல் மத்ரித் உலகப் போட்டியில் வெள்ளி வென்றார். 2021இல் டோக்கியோ ஒலிம்பிக்கில் குழுச் சுற்றைத் தாண்டவில்லை. இந்த மூன்றையும் வரிசையாக அடுக்கிவிட்டு "படிப்படியாகச் சரிந்தார்" என்று முடிப்பதுதான் அவரைப் பற்றிய குறிப்புகளில் நேரக்கூடிய பெரிய தவறு. அப்படி எழுதுகிறவர் எடைப்பிரிவைப் பார்க்காமல் விட்டிருக்கிறார்.

பிரேமனிலும் மத்ரித்திலும் செராப் மோதியது 50 கிலோவுக்கு உட்பட்ட குமித்தே (இருவர் நேருக்கு நேர் மோதும் ஆட்டம்) பிரிவில். உலகப் போட்டியில் பெண்களுக்கு 50, 55, 61, 68 கிலோவுக்கு உட்பட்டவை, 68க்கு மேற்பட்டது என ஐந்து பிரிவுகள் உண்டு. ஒலிம்பிக்கில் மூன்றே மூன்றுதான்: 55க்கு உட்பட்டது, 61க்கு உட்பட்டது, 61க்கு மேற்பட்டது. 50 கிலோ என்ற பிரிவே அங்கு கிடையாது. அந்தப் பிரிவின் வீராங்கனைகள் எல்லாரும் 55இல்தான் இறங்க வேண்டும்.

50க்கும் 55க்கும் இடையே ஐந்து கிலோதானே என்று தோன்றலாம். ஐம்பது கிலோ உடம்புக்கு அது பத்தில் ஒரு பங்கு. எதிரில் நிற்பவர் தினசரி 57 கிலோ இருந்து, எடை பார்க்கும் நேரத்துக்கு 55க்கு இறக்கி வந்தவராகவும் இருக்கலாம். இதில் இன்னொரு தவறும் ஒளிந்திருக்கிறது. "அடி பலமாக விழும், அதனால் தோற்றார்" என்று எழுதிவிடுகிறார்கள். குமித்தேயில் அடியைக் கட்டுப்படுத்தித்தான் தொட வேண்டும். முகத்தில் பலமாகப் பட்டால் தண்டனை அடித்தவருக்கே. கூடுதல் எடை அடியின் கனத்தைவிட இடைவெளியில்தான் பேசும். எடை ஏறும்போது பெரும்பாலும் உயரமும் கை நீளமும் கூடவே வரும். 50 கிலோ பிரிவில் அரை அடி முன்னே வைத்து நேர்க்குத்து விட்டால் எட்டிய முகம், இங்கே ஒரு கையளவு தள்ளி நிற்கும். அதை எட்ட இன்னும் அரை அடி உள்ளே போனால், அந்த நொடியில் எதிராளியின் கை முதலில் வந்து சேர்ந்துவிடும். பல ஆண்டுகள் உடம்பில் ஊறிய அளவை மாற்றுவது சின்ன வேலை இல்லை.

மத்ரித் இறுதிப் போட்டியில் செராப்பை வென்ற ஜப்பானின் மிஹோ மியாஹராவும் டோக்கியோவில் இதே 55 கிலோ பிரிவில் இறங்கினார். அவரும் அரையிறுதியை எட்டவில்லை. அதற்காக எல்லாப் பழியையும் எடையின் மேல் போட்டுவிடவும் கூடாது. அதே 50 கிலோ பிரிவிலிருந்து வந்த ஆஸ்திரியாவின் பெட்டினா பிளாங்க் வெண்கலம் வென்றார். தங்கம் பல்கேரியாவின் இவெட் கொரனோவாவுக்குப் போனது. எனவே குறிப்பு எழுதும்போது ஒவ்வொரு பதக்கத்துக்கும் பக்கத்தில் எடைப்பிரிவைப் போடுங்கள். விளக்கம் இல்லாவிட்டாலும் பரவாயில்லை, எண் இருந்தால் போதும்.

ஒலிம்பிக்கின் அமைப்பும் வேறு. ஒரு பிரிவில் பத்தே பேர், ஒரு நாட்டுக்கு ஒருவர். ஐந்து ஐந்து பேராக இரண்டு குழுக்கள், குழுவுக்குள் எல்லாரும் எல்லாரோடும் மோத வேண்டும், முதல் இருவர் மட்டும் அரையிறுதிக்கு. அந்தப் பத்துப் பேரில் ஒருவராக வருவதற்கே தரவரிசை, தகுதிப் போட்டி என்று பல ஆண்டு ஓட வேண்டும். "முதல் சுற்றிலேயே வெளியேறினார்" என்று எழுதினால், ஒரே ஆட்டத்தில் தோற்று ஊர் திரும்பியதாக வாசகர் எடுத்துக்கொள்வார். குழுவில் நான்கு ஆட்டங்கள் உண்டு என்பதைச் சொல்ல வேண்டும்.

அடுத்தது வெண்கலம். கராத்தேயில் ஒரு பிரிவுக்கு இரண்டு வெண்கலம். "மூன்றாமிடம் பிடித்தார்" என்றால் நான்காமிடம் ஒன்று இருந்ததுபோல ஆகிவிடும். செராப் பதக்கம் வென்ற அந்த உலகப் போட்டிகளில் இறுதிக்கு வந்த இருவரிடம் தோற்றவர்களுக்கு ரெபசேஜ் என்ற இரண்டாவது வாய்ப்பு இருந்தது. முதல் ஆட்டத்திலேயே பின்னாளைய சாம்பியனிடம் தோற்றவர்கூட அந்த வழியாக ஏறி வந்து வெண்கலம் வாங்க முடிந்தது. ஒலிம்பிக்கில் அந்த வழி இல்லை. அரையிறுதியில் தோற்ற இருவருக்கும் நேரடியாக வெண்கலம். துருக்கியின் மெர்வே சோபன் 61 கிலோ பிரிவில் வாங்கியது இப்படித்தான். துருக்கிப் பெண்களில் கராத்தேயில் ஒலிம்பிக் பதக்கம் பெற்றவர் அவர் ஒருவரே. அந்த ஒலிம்பிக்கில் துருக்கிக்கு கராத்தேயில் மொத்தம் நான்கு பதக்கங்கள். மற்ற மூன்றும் ஆண்களுடையவை.

பெயரிலும் நிறையப் பேர் வழுக்குகிறார்கள். செராப் திருமணத்துக்குப் பிறகு செராப் ஓஸ்செலிக் அராப்போலு. துருக்கியில் மணமான பெண்கள் பிறந்த வீட்டுக் குடும்பப் பெயரை முன்னே வைத்துக் கணவர் பெயரைப் பின்னே சேர்ப்பது வழக்கத்தில் உண்டு. பழைய முடிவுகளில் ஒரு பெயர், புதிய முடிவுகளில் இன்னொன்று என்று இருப்பதால் இரண்டு வீராங்கனைகள் என்று நினைத்துப் பதக்கங்களைப் பிரித்துவிடக் கூடாது. இன்னொரு துருக்கி வீராங்கனைக்கும் இதே கதைதான்: மெல்தெம் ஹொஜாஓலு, மெல்தெம் ஹொஜாஓலு அக்யோல் இரண்டும் ஒருவரே. உச்சரிப்புக்கு ஒரு குறிப்பு: துருக்கி எழுத்தில் தலைமேல் பிறைக்குறி போட்ட ஜி-க்கு (ğ) ஒலி இல்லை, முன் உயிரை நீட்டும், அவ்வளவுதான். ஆகவே 'அரபோக்லு' தவறு. அடியில் வால் உள்ள சி-க்கு (ç) 'பச்சை'யில் வரும் சகரம். வாலில்லாத சி-க்கு (c) ஜகரம்.

புள்ளிகளைப் படிப்பதிலும் கவனம் வேண்டும். கைக்குத்துக்கு 1 (யூக்கோ), உடம்பில் உதைக்கு 2 (வசாரி), தலையில் உதைக்கும் விழுந்த எதிராளியை அடிப்பதற்கும் 3 (இப்போன்). 2000களின் பழைய செய்திகளில் 'இப்போன்' என்றால் 1 புள்ளிதான்; அன்று 3 புள்ளிக்குப் பெயர் சன்போன். இதை அறியாமல் கூட்டினால் கணக்கு தப்பும். 1-1 என்று முடிந்த ஆட்டத்தில் ஒருவர் வென்றதாக இருந்தால் நடுவர்கள் வாக்களித்தார்கள் என்று முடிவு கட்டாதீர்கள். எதிராளி புள்ளி எடுக்காத நிலையில் முதல் புள்ளியை எடுத்தவருக்கு 'சென்ஷு' என்ற முன்னுரிமை உண்டு. சமநிலையில் அவரே வெற்றியாளர். ஆனால் கடைசி 15 நொடிக்குள் மோதாமல் ஓடினால் அந்த முன்னுரிமை பறிபோகும். முன்னுரிமை கையில் இருந்தும் கடைசி நொடிகளில் வீராங்கனைகள் கோட்டோரம் நின்று தவிப்பதன் காரணம் இதுதான்.

நேரமும் மாறியிருக்கிறது. 2014இல் பதக்க ஆட்டங்கள் தவிர பெண்களுக்கு 2 நிமிடம். டோக்கியோவில் 3 நிமிடம். அந்த இரண்டு காலத்துப் புள்ளிகளையும் பக்கத்தில் வைத்து "அன்று குறைவாக அடித்தார்" என்று ஒப்பிட முடியாது.

'உலக சாம்பியன்' என்று யார் சொன்னாலும், எந்தச் சம்மேளனத்தின் போட்டி என்று கேளுங்கள். அந்தப் பெயரில் பட்டம் கொடுக்கும் அமைப்புகள் பல. சர்வதேச ஒலிம்பிக் குழு 1999இல் அங்கீகரித்தது உலகக் கராத்தே சம்மேளனத்தை; செராப்பின் பிரேமன் தங்கம் அதனுடையது. கட்டாவையும் (எதிராளி இல்லாமல் செய்துகாட்டும் அசைவுத் தொடர்) குமித்தேயையும் கலக்காதீர்கள். டோக்கியோவில் துருக்கிப் பெண்களில் கட்டா செய்தவர் திலாரா போசான், அவர் யாரோடும் மோதவில்லை.

கடைசியாக, 'டோக்கியோ 2020' என்பது போட்டியின் பெயர். கராத்தே நடந்தது 2021 ஆகஸ்டில், புடோக்கான் அரங்கில். 2024 பாரிஸைப் பற்றி "தகுதி பெறவில்லை" என்று இவர்களில் யாருக்கும் எழுத வேண்டாம். பாரிஸில் கராத்தே விளையாட்டே சேர்க்கப்படவில்லை.