சாட்சியைத் திரும்பக் கூப்பிட மனு எழுதும் முன்

தேவகோட்டையில் வக்கீல் குமாஸ்தாவாக இருக்கிறேன். ரீகால் மனு, அதாவது ஏற்கெனவே விசாரித்த சாட்சியைத் திரும்பக் கூப்பிடும் மனு, போட வேண்டும் என்று வரும் ஜூனியர்களிடம் நான் முதலில் கேட்பது இதுதான்: சாட்சியிடம் என்ன கேட்கப் போகிறீர்கள்? அதைத் தாளில் எழுதுங்கள், அப்புறம் மனுவைத் தொடங்கலாம்.

பூட்டிக் கிடந்த செட்டிநாட்டு வீடு ஒன்றில் பர்மா தேக்குக் கதவு திருடு போன வழக்கு. எதிரியை, அதாவது குற்றம் சாட்டப்பட்டவரை, கொல்லைக் கதவருகே பார்த்ததாக அரசுத் தரப்பின் இரண்டாம் சாட்சியான (அ.சா.2) காவல்காரர் சொன்னார். எதிரிக்காக ஆஜரான எங்கள் தரப்பில் அன்று 'குறுக்கு இல்லை', அதாவது குறுக்கு விசாரணை இல்லை, என்று சொல்லிவிட்டார்கள். பிறகு போட்ட மனுவில் 'முக்கியக் கேள்விகள் விடுபட்டுவிட்டன' என்று ஒரே வரி. என்ன கேள்விகள் என்று கேட்டு மனு ரிட்டர்ன் ஆனது.

அன்று சாயங்காலம் சம்பவ இடத்தைப் பார்த்துப் போலீஸ் எழுதிய பார்வை மகஜரையும் மாதிரி வரைபடத்தையும் விரித்து வைத்து உட்கார்ந்தோம். காவல்காரர் படுத்திருந்தது முகப்புத் திண்ணையில். அங்கிருந்து கொல்லைக்குப் போக வளவு (உள்முற்றம்), இரண்டாங்கட்டு, சமையற்கட்டு எல்லாம் தாண்ட வேண்டும். திண்ணையிலிருந்து கொல்லை தெரியுமா? நடுக்கதவுகளின் சாவி யாரிடம் இருந்தது? எந்த விளக்கு எரிந்தது? இந்த மூன்றையும் வரைபடத்தோடு சேர்த்து எழுதினோம். மனு அனுமதியானது. சாட்சிக்குப் படிப்பணம் நாங்கள் கட்ட வேண்டும், ஒரே வாய்தாவில் முடிக்க வேண்டும் என்று நிபந்தனை. நியாயமான நிபந்தனைதான். அந்த மனிதருக்கு அது ஒரு நாள் கூலி.

2024 ஜூலை 1-க்கு முன்பே விசாரணை நடந்துகொண்டிருந்த வழக்கு என்றால் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 311. புதிய வழக்கு என்றால் அதற்குப் பதில் வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா பிரிவு 348. வாசகம் ஏறக்குறைய ஒன்றுதான். முதல் பாதி, நீதிமன்றம் சாட்சியை 'அழைக்கலாம்' என்கிறது. இரண்டாம் பாதி, நியாயமான தீர்ப்புக்கு அந்தச் சாட்சியம் அவசியம் என்று தோன்றினால் 'அழைத்தே ஆக வேண்டும்' என்கிறது. உங்கள் மனு அந்த இரண்டாம் பாதிக்குள் போய் நிற்க வேண்டும். தீர்ப்புக்கு முன் எந்தக் கட்டத்திலும் போடலாம், ஆனால் தாமதத்துக்குக் காரணம் சொல்லுங்கள்.

'தங்கள் வழக்கில் உள்ள ஓட்டையை அடைக்கப் பார்க்கிறார்கள்' என்று எதிர்த்தரப்பு சொல்லும். கவனக்குறைவால் விட்டுப்போனது ஓட்டை ஆகாது என்று 1999-இல் ராஜேந்திர பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் 'புது வக்கீல் வந்திருக்கிறார்' என்பதை மட்டும் காரணமாக எழுதாதீர்கள். அது போதாது என்று 2015-இல் சிவகுமார் யாதவ் வழக்கில் முடிவாகிவிட்டது. போக்சோ (குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து பாதுகாக்கும் சட்டம்) வழக்கு என்றால் இன்னும் யோசியுங்கள். குழந்தையைத் திரும்பத் திரும்பக் கூண்டேற்றக் கூடாது என்று அந்தச் சட்டத்தின் 33(5) சொல்கிறது. என் மனசும் அதைத்தான் சொல்கிறது.

மனு தள்ளுபடியானால் சீராய்வு மனு (ரிவிஷன்) போட்டு நாளைக் கழிக்காதீர்கள். இது இடைக்கால உத்தரவு, சீராய்வு நிற்காது. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குத்தான் போக வேண்டும். உத்தரவு வந்த அன்றே அதன் நகல் கேட்டு மனு போட்டுவிடுங்கள்.