ஆசிரியராக இருந்து சட்டமன்றம் சென்றவரின் வாழ்க்கை வரலாற்றை எழுதும் முறை

செட்டிநாட்டுப் பள்ளிகளின் ஆண்டு மலர்களிலும் மணிவிழா மலர்களிலும், ஆசிரியராக இருந்து சட்டமன்ற உறுப்பினரானவர்களைப் பற்றி வரும் கட்டுரைகள் பலவற்றில், "ஆசிரியப் பணியாற்றிய பின் பொதுவாழ்வில் ஈடுபட்டார்" என்ற ஒற்றை வரியோடு வகுப்பறைக் காலம் முடிந்துவிடுகிறது. மீதிப் பக்கங்கள் முழுவதும் பதவியும் பாராட்டும்தான். பச்சையப்பன் கல்லூரியில் விரிவுரையாளராக இருந்த க. அன்பழகன், அமைச்சரான பிறகும் கடைசிவரை 'பேராசிரியர்' என்றே அழைக்கப்பட்டார். வாக்குக் கேட்டு வந்தவரை 'சார்' என்று வரவேற்றுத் திண்ணையில் உட்காரவைத்த ஊர்களிலும் வகுப்பறைக்கே முதலிடம் தர வேண்டும்.

பணிக்காலத்திலிருந்து தொடங்குங்கள். அரசுப் பள்ளி ஆசிரியராயின் நியமனம், இடமாறுதல், பதவி உயர்வு, பணிவிலகல் ஆகியவை பணிப்பதிவேட்டில் தேதியோடு இருக்கும். அதன் நகல் குடும்பத்தாரிடம் உள்ளதா என்று கேளுங்கள். அரசுப் பணியில் இருந்துகொண்டே தேர்தலில் நிற்க இயலாது என்பதால், பணியிலிருந்து விலகிய நாள் வேட்புமனுவுக்கு முந்தியதாகவே இருக்க வேண்டும். நகரத்தார் நிறுவிய பள்ளிகள் இப்பகுதியில் பல. அத்தகைய பள்ளியில் பணியாற்றியவர் என்றால் செயலருக்குக் கடிதம் எழுதிக் கேட்பதே முறை. படிப்பைக் குறிக்கும்போதும் கவனம் தேவை. தமிழ்நாட்டுப் பள்ளிகளில் மேல்நிலை வகுப்பு 1978இல்தான் வந்தது. அதற்கு முன் பள்ளி முடித்தவர் 'பிளஸ் டூ தேறினார்' என்று எழுதினால் அவரிடம் படித்தவர்களே சிரிப்பார்கள், எஸ்.எஸ்.எல்.சி., பி.யூ.சி. (கல்லூரிப் புகுமுக வகுப்பு) என்று எழுதுவதே சரி.

பழைய மாணவர்களிடம் "எப்படிப்பட்டவர்?" என்று கேட்டால் "தங்கமான மனுஷர்" என்பதற்கு மேல் ஒன்றும் கிடைக்காது. எந்தப் பாடம் எடுத்தார், பிரம்பு வைத்திருந்தாரா, தேர்வுத்தாளைத் திருப்பித் தரும்போது என்ன சொல்வார் என்று கேட்டால் ஆள் எழுந்து வருவார். 2003 ஜூலையில் அரசு ஊழியரும் ஆசிரியரும் வேலைநிறுத்தம் செய்தபோது அவர் பணியில் இருந்திருந்தால், அப்போது எந்தப் பக்கம் நின்றார் என்பதையும் தயங்காமல் கேளுங்கள். ஆசிரியர் சங்கத்தின் வழியாகவே அரசியலுக்கு வந்தவர்கள் உண்டு.

பதவிக்காலத்தை எழுதும்போது, ஒரு முறை வென்றால் ஐந்தாண்டு என்று கணக்குப் போட்டுவிடாதீர்கள். 1977இல் வென்றவரின் பதவி 1980 பிப்ரவரியில் பேரவை கலைக்கப்பட்டதோடு முடிந்தது. 1989இல் வென்றவருக்கு 1991 ஜனவரி வரைதான். தொகுதியையும் அந்தந்தத் தேர்தலின்படியே குறிப்பிட வேண்டும். மறுசீரமைப்புக்குப் பின் 2011 தேர்தலில் இளையான்குடித் தொகுதி இல்லை. 1985இல் பிரிக்கப்படும் வரை காரைக்குடியும் திருப்பத்தூரும் இராமநாதபுரம் மாவட்டத்தில் இருந்தன. மேலவை உறுப்பினராக இருந்தவரென்றால், ஆசிரியர் தொகுதியிலிருந்து வந்தாரா, பிற வழியில் வந்தாரா என்று பிரித்து எழுதுங்கள். அந்த அவையே 1986 நவம்பரில் கலைக்கப்பட்டுவிட்டது.

பேரவையில் அவர் என்ன பேசினார் என்பதற்கு அவை நடவடிக்கைக் குறிப்புகளே சான்று, கட்சி மலர் அல்ல. சொத்தும் கல்வித் தகுதியும் 2003ஆம் ஆண்டுக்குப் பிந்தைய வேட்புமனுக்களோடு இணைந்த உறுதிமொழிப் பத்திரத்தில் கிடைக்கும். பழைய இதழ்கள் தேவைப்பட்டால் சென்னையிலுள்ள ரோஜா முத்தையா நூலகத்துக்குப் போகலாம். நம் கோட்டையூர்க்காரர் ஒருவர் சேர்த்த நூல்களிலிருந்து உருவானதுதான் அது.

தொகுதிக்குச் செய்தவற்றை ஊருக்குள் நடந்தே சரிபார்க்க வேண்டும். சத்துணவுக்கூடச் சுவரில் பதித்த திறப்புவிழாக் கல்லில் அமைச்சர் பெயர் பெரிதாகவும், அடுத்து ஆட்சியர் பெயரும், அதன் கீழே சிறிய எழுத்தில் உறுப்பினர் பெயரும், அடியில் நிதியின் பெயரும் நாளும் இருக்கும். சுண்ணாம்பு அப்பி எழுத்து மறைந்திருந்தால் ஈரத்துணியால் துடைத்துவிட்டுப் பக்கவாட்டில் டார்ச் அடியுங்கள். வெட்டெழுத்து நிழலோடு தெளிவாகத் தெரியும். கல்லில் பெயர் இருப்பதாலேயே வேலை அவருடையது என்றும் எழுதிவிடக் கூடாது. அடிக்கல் நாட்டியவர் ஒருவர், திறந்தவர் மற்றொருவர் என்பது இங்கே புதிதல்ல. தேதியைப் பார்த்தே பங்கைச் சொல்லுங்கள்.

வரைவு முடிந்ததும் ஒரு படியைக் குடும்பத்தாருக்கும், இன்னொரு படியை எதிர்க்கட்சியில் அவர் காலத்தை அறிந்த மூத்தவர் ஒருவருக்கும் கொடுங்கள். தேதிகளில் இரு தரப்பும் ஒத்துப்போனால் அச்சுக்கு அனுப்பலாம். ஒத்துப்போகாத இடங்களில் இருவரின் கூற்றையும் அருகருகே வைத்துவிடுங்கள்.